ஃபிஜியின் ரக்பியை மக்கள்தொகைக் கணக்கால் அளக்க முடியாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

ஒலிம்பிக் போட்டிகள் வரும்போதெல்லாம் தங்கள் நாளிதழில் ஒரு கணக்கு தவறாமல் இடம்பெற்றுவிடுகிறது. ஒன்பது லட்சம் பேர் வாழும் ஃபிஜி ரக்பியில் தங்கம் வெல்கிறது, நூற்று நாற்பது கோடிப் பேர் வாழும் நாம் என்ன செய்துகொண்டிருக்கிறோம் என்பதே அந்தக் கணக்கு. விளையாட்டுப் பக்கத்தில் மட்டுமல்லாமல் வாசகர் கடிதங்களிலும் இதைப் பலமுறை படித்துவிட்டேன். 2012 முதல் 2018 வரை அந்நாட்டின் லௌத்தோக்கா நகரில் சர்க்கரைத் தொழிலில் ஒப்பந்தப் பொறியாளராக வேலை பார்த்தவன் என்ற முறையில், இந்தக் கணக்கு ஃபிஜியையும் விளக்கவில்லை, நம்மையும் விளக்கவில்லை என்று சொல்லத் தோன்றுகிறது. கடிதம் சற்று நீண்டுவிட்டது, பொறுத்தருள வேண்டுகிறேன்.

சாதனையை நான் குறைத்துச் சொல்ல வரவில்லை. ஓர் அணிக்கு ஏழு பேர் ஆடும் ரக்பி 2016-இல் ரியோ டி ஜெனீரோவில் முதன்முதலாக ஒலிம்பிக்கில் சேர்க்கப்பட்டபோது, இறுதியாட்டத்தில் ஃபிஜி பிரிட்டனை 43-7 என்ற கணக்கில் தோற்கடித்தது. அதற்கு முன் எந்த ஒலிம்பிக்கிலும் எந்த விளையாட்டிலும் அந்நாடு ஒரு வெண்கலம்கூட வாங்கியதில்லை. கொரோனாவால் ஓராண்டு தள்ளி 2021-இல் நடந்த டோக்கியோ போட்டியில் நியூசிலாந்தை 27-12 என்று வென்று தங்கத்தைத் தக்கவைத்துக்கொண்டது. 2024-இல் பாரிஸில் இறுதியாட்டத்தில் பிரான்ஸிடம் 28-7 என்று தோற்றதுதான் ஒலிம்பிக்கில் ஃபிஜி ஆண்கள் அணி கண்ட முதல் தோல்வி. அதற்கு முன் ஆடிய பதினேழு ஆட்டங்களிலும் அவர்களுக்கு வெற்றிதான். எழுவர் ரக்பியின் உலகக் கோப்பையையும் 1997, 2005, 2022 என மூன்று முறை வென்றிருக்கிறார்கள். பதினைந்து பேர் ஆடும் பெரிய ஆட்டத்தில் மட்டும் இதுவரை காலிறுதியைத் தாண்டியதில்லை. மதுரை மாநகரத்தின் மக்கள்தொகைகூட இல்லாத ஒரு நாட்டுக்கு இது வியப்பான வரலாறு என்பதில் ஐயமில்லை.

ஆனால் இதற்குப் பின்னால் ஏதோ ஒரு சிறந்த அரசுத் திட்டமும் நிதி ஒதுக்கீடும் பயிற்சி மையங்களும் இருப்பதாகவும், நாம் அவற்றைப் பார்த்து எழுதிக்கொண்டால் போதும் என்பதாகவும் நம்மவர்கள் எழுதும்போதுதான் எனக்குச் சிரிப்பு வருகிறது. ரியோவில் தங்கம் வாங்கித் தந்த பயிற்சியாளர் பென் ரையன் என்ற ஆங்கிலேயர் 2013-இல் பொறுப்பேற்றபோது ரக்பி சங்கத்தின் கையில் பணமே இல்லை. முதல் சில மாதங்கள் அவருக்குச் சம்பளம்கூட வரவில்லை. அணியினர் உடற்பயிற்சிக்காக ஏறி இறங்கியது சிங்கத்தோக்கா ஆற்றின் முகத்துவாரத்தில் காற்று குவித்து வைத்த மணற்குன்றுகளில். ரியோ போட்டிக்கு ஆறு மாதம் முன்பு, 2016 பிப்ரவரி 20 அன்று, வின்ஸ்டன் என்ற பெரும்புயல் அந்நாட்டைத் தாக்கி 44 உயிர்களைக் கொண்டுபோனது. வீடிழந்த குடும்பங்கள் தார்ப்பாய்க் கூடாரங்களில் இருந்துகொண்டேதான் ஒலிம்பிக்கைப் பார்த்தன. திட்டத்தால் வந்த வெற்றி என்று இதை யாராவது சொன்னால் ஃபிஜிக்காரர்களே நம்பமாட்டார்கள்.

அப்படியானால் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், ஓர் ஊரின் மாலைப் பொழுதைச் சொல்வதுதான் எனக்குத் தெரிந்த பதில். ஃபிஜியின் பூர்வகுடி மக்களின் சிற்றூர்களில் வீடுகள் வரிசையாக நிற்காமல் ஒரு புல்வெளியைச் சுற்றி நிற்கும். அந்தப் புல்வெளிக்கு ரரா என்று பெயர். ஊர்த்தலைவரின் வீடும் தேவாலயமும் அதை நோக்கியே இருக்கும். என்னோடு வேலை செய்த ஃபிட்டர் ஒருவரின் ஊருக்கு நான் பலமுறை போயிருக்கிறேன். பள்ளிவிட்டு வந்த பிள்ளைகள் பையை வீசிவிட்டு ரராவில் இறங்கிவிடுவார்கள். பந்து என்று ஒன்று பெரும்பாலும் இருக்காது. பழச்சாறு வந்த பிளாஸ்டிக் பாட்டிலில் பழைய சட்டையைச் சுற்றிக் கட்டியிருப்பார்கள், அதுவும் இல்லாத நாளில் ஒரு ரப்பர் செருப்பு. வெறுங்கால். ஒரு பக்கத்துக்கு எத்தனை பேர் என்ற வரம்பு கிடையாது. ஆறு வயதுப் பையனும் பதினாறு வயதுப் பையனும் ஒரே அணியில் இருப்பார்கள். எதிராளி இடுப்பைப் பிடித்து வீழ்த்தும் கணத்தில், விழுந்துகொண்டே, ஒரு கையால், பார்க்காமலே பின்னால் வருபவனுக்குப் பந்தைக் கைமாற்றிவிடுகிறார்களே, உலகம் முழுவதும் வாய்பிளந்து பார்க்கும் அந்த வித்தை அங்கே பிள்ளைகள் யாரும் கற்றுக்கொடுக்காமல் செய்வது. பிடித்தெறிய வாட்டமில்லாத ஒரு பாட்டிலோடு பத்து வருடம் ஆடியவன் கையில் நிஜமான பந்து கிடைத்தால் அது ஒட்டிக்கொள்ளாமல் என்ன செய்யும்? மாலைப் பிரார்த்தனைக்கு லாலி என்ற மர முரசு ஒலித்ததும் ஆட்டம் அப்படியே நின்றுவிடும். யார் வென்றார்கள் என்பது யாருக்கும் தெரியாது. தெரிந்துகொள்ள யாரும் நிற்பதும் இல்லை.

ரரா, தேவாலயம், பள்ளிக்கூடம், ராணுவம் என்ற நான்கு தூண்களில்தான் அந்த ஆட்டம் நிற்கிறது. பள்ளிகளுக்கிடையே நடக்கும் டீன்ஸ் கோப்பைப் போட்டியின் இறுதிக் கட்டத்தில் தலைநகர் சுவாவுக்குப் பேருந்து பிடித்துப் போவதற்காக ஊர் ஊராக விடுப்பு எழுதிக் கொடுப்பார்கள். குயின் விக்டோரியா பள்ளியும் ராத்து கந்தவுலேவு பள்ளியும் மோதும் நாளில், முப்பது ஆண்டுகளுக்கு முன் அங்கே படித்துவிட்டு இன்று அதிகாரிகளாக இருப்பவர்கள்கூடத் தம் பள்ளியின் நிறத்தில் துணி கட்டிக்கொண்டு அலுவலகத்துக்கு வருவதைப் பார்த்திருக்கிறேன். எங்கள் பண்டகசாலையில் இரண்டு பள்ளிப் பழைய மாணவர்களும் இருந்ததால் அந்த வாரம் உதிரிபாகம் எதுவும் நேரத்துக்குக் கிடைக்காது.

வரலாற்றில் இந்த ஆட்டம் வெள்ளைக்காரர் கொண்டுவந்ததுதான். ஃபிஜி 1874-இல் பிரிட்டனின் ஆட்சிக்குள் வந்த பத்தாண்டுகளுக்குள் பா என்ற இடத்தில் ஐரோப்பிய வீரர்களும் உள்நாட்டுக் காவல்படையினரும் இதை ஆடியதாகச் சொல்கிறார்கள். 1913-இல் தொடங்கிய சங்கம் வெள்ளையர்களுக்கானது. பூர்வகுடிகள் 1915-இல் தனிச் சங்கம் வைத்துக்கொள்ள வேண்டியிருந்தது. 1924-இல் சமோவாவுடன் முதல் சர்வதேச ஆட்டம் ஆப்பியா நகரில் காலை ஏழு மணிக்கு நடந்தது. உள்ளூர் ஆட்டக்காரர்கள் அதன்பின் வேலைக்குப் போகவேண்டுமே. மைதானத்தின் நடுவே ஒரு மரம் நின்றுகொண்டிருந்தது, அதைச் சுற்றியே ஆடினார்கள், ஃபிஜி 6-0 என்று வென்றது. 1930களின் பிற்பகுதிவரை அவர்கள் ஆடியது வெறுங்காலோடுதான். 1939-இல் நியூசிலாந்துக்குப் போனபோது, மாவோரி மக்களின் ஹாக்கா என்ற போர்நடனத்துக்கு எதிராகத் தங்களுக்கும் ஒரு நடனம் வேண்டும் என்று அணித்தலைவர் விரும்பினார். பாவ் தீவின் போர்வீரர் குலத்துத் தலைவர் ஒருவர், வென்று திரும்பும் வீரர்கள் ஆடும் திம்பி என்ற நடனத்தைக் கற்றுக்கொடுத்து அனுப்பினார். அந்தப் பயணத்தில் அவர்கள் ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை. இரவல் வாங்கிய விளையாட்டுக்குள் தம் சொந்த முறைகளை ஏற்றி அதைத் தமதாக்கிக்கொண்டது இப்படித்தான்.

இங்கே ஒரு சிறு குறை. தங்கள் நாளிதழ் உட்பட நம் பத்திரிகைகள் அனைத்தும் ஆங்கில எழுத்தைப் பார்த்து ஊர்ப் பெயர்களை நாடி, சிகடோகா என்றும், அந்நாட்டு அரசியல் தலைவர் ஒருவரின் பெயரை ரபுகா என்றும் அச்சிடுகின்றன. ஃபிஜி மொழியில் d என்ற எழுத்துக்கு முன்னால் ஒரு மூக்கொலி தானாக வந்துவிடும். b-க்கு முன் மகரமும் அப்படியே; g என்பதோ மூக்கொலியேதான். நாந்தி, சிங்கத்தோக்கா, ரம்புக்கா என்பவையே சரி. தமிழ் எழுத்தில் இவ்வளவு துல்லியமாக எழுத வசதி இருக்கும்போது ஆங்கிலத்தின் குறையை நாம் ஏன் சுமக்கவேண்டும்?

ரியோ இறுதியாட்டம் நடந்தபோது ஃபிஜியில் 2016 ஆகஸ்ட் 12, வெள்ளிக்கிழமை, காலை பத்து மணி. ஆகஸ்ட் மாதம் அங்கே கரும்பு அரவைக் காலத்தின் உச்சம். ஆலை வாசலில் தொடங்கி நகரச் சாலை வரை கரும்பு லாரிகள் வரிசையில் நின்றுகொண்டிருந்தன. ஓட்டுநர்கள் பெரும்பாலும் நம் வம்சாவளியினர். கரும்பு வெட்டும் ஆட்களில் பலர் பூர்வகுடிகள். சக்கரத்துக்கடியில் கல்லைக் கொடுத்துவிட்டு அத்தனை பேரும் ரொட்டி பார்சல் விற்கும் ஒரு தகரக் கடையின் முன்னால் கூடியிருந்தார்கள். கடைக்காரர் தம் வீட்டுத் தொலைக்காட்சியைத் தூக்கி வந்து அரிசி மூட்டை மேல் வைத்திருந்தார். தரையில் ஒரு பிளாஸ்டிக் பேசின் நிறைய யங்கோனா என்ற வேர்ப்பானம் கரைத்து வைத்திருந்தது. இந்தியர்கள் அதைக் கிரோக் என்பார்கள், குடிப்பதில் மட்டும் இரு சாராருக்கும் வேறுபாடு இல்லை. ஆலைக்குள் இருந்து நானும் இரண்டு மேற்பார்வையாளர்களும் ஏதோ வரிசையை ஒழுங்குபடுத்தப் போவதுபோல வெளியே வந்து அங்கே நின்றுகொண்டோம்.

பாதியாட்டத்தில் ஸ்கோர் 29-0. அதன்பிறகு பதற்றம் என்று ஒன்றும் இல்லை, ஆனால் யாரும் உட்காரவும் இல்லை. முடிந்ததும் தொலைக்காட்சியில் வீரர்கள் தோளோடு தோள் சேர்த்து வட்டமாக நின்று ஒரு தேவாலயப் பாட்டைப் பாடினார்கள். கரும்பு வெட்டும் ஆட்கள் சாலையில் அப்படியே வட்டமாக நின்று, நான்கு குரல்களாகப் பிரிந்து, அதே பாட்டைப் பாடினார்கள். என் பக்கத்தில் இருந்த முதிய ஓட்டுநர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். அவருடைய தாத்தா வட ஆற்காட்டிலிருந்து கப்பலேறியவர்; அந்த நாளைய குடியேற்றச் சீட்டின் நகலை எனக்குக் காட்டியிருக்கிறார். சில வாரங்களுக்கு முன் ரக்பியைப் பற்றி நான் கேட்டபோது, அது அவர்களுடைய ஆட்டம், நம்முடையது கால்பந்து என்று அவர் ஒரே வரியில் முடித்துவிட்டிருந்தார். அன்று அவர் திரும்பி என்னிடம், “ஹம் லோக் ஜீத் கயா” என்றார். ‘ஜீத் கயா’ என்றால் வென்றாயிற்று; ‘ஹம் லோக்’ என்பது தன்மைப் பன்மை.

இந்த இடத்தில் தமிழ் வாசகர்களுக்கு மட்டுமே எளிதில் புரியக்கூடிய ஒன்றைச் சொல்லவேண்டும். நமக்கு ‘நாம்’ வேறு, ‘நாங்கள்’ வேறு. எதிரில் நிற்பவரைச் சேர்த்துக்கொண்டால் நாம், விலக்கிவிட்டால் நாங்கள். ஆங்கிலத்துக்கும் ஹிந்திக்கும் இந்த வேறுபாடு இல்லை. ஆனால் ஃபிஜி மொழிக்கு உண்டு. கெந்தா என்றால் நாம், கேய்மாமி என்றால் நாங்கள். வீரர்கள் பாடிய பாட்டு ‘ஏந்தா’ என்று தொடங்குகிறது. நாம் வென்றோம் என்பது அதன் பொருள், கேட்பவர் எவரோ அவரும் சேர்த்தி. அதே மொழியில் பேசத் தெரிந்த பல இந்திய வம்சாவளியினருக்கு அது காதில் விழாமல் போயிருக்காது. அந்த ஓட்டுநருக்கு ஃபிஜி ஹிந்தியும் ஃபிஜி மொழியும் சரளம். தமிழில் அம்மா, சோறு, சாமி, பொங்கல் போன்ற பத்துப் பதினைந்து சொற்கள்தான் மிச்சம். உங்கள் ‘ஹம் லோக்’ என்பது ‘நாம்’ என்பதா, ‘நாங்கள்’ என்பதா என்று நான் விளக்கிக் கேட்டேன். அவர் சிறிது நேரம் யோசித்தார். அதற்குள் வரிசை நகரத் தொடங்கியது, லாரியில் ஏறிக்கொண்டார்.

இந்தக் கேள்வி எனக்கு ஏன் முக்கியமாகப் பட்டது என்பதற்குக் கொஞ்சம் பின்னணி தேவை. 1879 முதல் 1916 வரை அறுபதாயிரத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுபோகப்பட்டார்கள். 1903-இலிருந்து சென்னைத் துறைமுகம் வழியாகவும் ஆட்கள் போனார்கள். அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்கு ரக்பி ஏன் ஒட்டவில்லை என்பதற்கு உடல்வாகைக் காரணம் சொல்பவர்கள் அங்கேயும் உண்டு, இங்கேயும் உண்டு. நான் அதை ஏற்பதில்லை. நாட்டின் நிலத்தில் ஏறக்குறைய பத்தில் ஒன்பது பங்கு பூர்வகுடிக் குலங்களுக்கு உரியது. இந்தியர்கள் குத்தகை நிலத்தில், ஒரு வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் இடையே கரும்புக் காடு நிற்க, தனித்தனியாக வாழ்ந்தவர்கள். அவர்களுடைய குடியிருப்பில் ரரா இல்லை. பள்ளிகளும் நெடுங்காலம் இனவாரியாகவே இருந்தன. ஆகவே வாரக்கடைசியில் நகரத்து மைதானத்தில் கூடி ஆடும் கால்பந்தே அவர்களுக்கு வாய்த்தது. 1938-இல் இந்தியர்களுக்கென்றே தொடங்கிய கால்பந்துச் சங்கம் 1961-இல்தான் எல்லாருக்கும் திறந்துவிடப்பட்டது. 1926-இல் சாது குப்புசாமி நாந்தியில் தொடங்கிய தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கம் பள்ளிகள் நடத்துகிறது, கோவில்களைப் பராமரிக்கிறது, ஆண்டுதோறும் ஈஸ்டர் விடுமுறையில் மாநாட்டோடு சேர்த்துக் கால்பந்துப் போட்டியும் நடத்துகிறது. நாந்தி முருகன் கோவிலின் கோபுரத்தைப் பற்றி எழுதும் நம் பயணக் கட்டுரையாளர்கள் இந்தக் கால்பந்தைப் பற்றி ஒரு வரியும் எழுதுவதில்லை என்பது எனக்கு வருத்தம்.

பெயரிலேயே பிரிவினை இருந்த நாடு அது. ‘ஃபிஜியன்’ என்ற சொல் பூர்வகுடிகளை மட்டும் குறித்தது. நான்காம் தலைமுறையாக அங்கேயே பிறந்தவரும் ‘இந்தியர்’தான். 2010-இல் தான் அரசு குடிமக்கள் அனைவரையும் ஃபிஜியன் என்று அழைக்க உத்தரவிட்டது. பூர்வகுடிகளுக்கு இதவுக்கேய் என்ற அவர்களுடைய மொழிச்சொல் வந்தது. அந்த உத்தரவைப் பிடிக்காதவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள், இப்போதும் இருக்கிறார்கள். ஆறு ஆண்டுகளில் உத்தரவு செய்யாததை ஓர் ஆட்டம் ஒரு காலைப்பொழுது செய்தது என்று எழுத ஆசைதான். ஆனால் ஒரு காலைப்பொழுது என்பதை அடிக்கோடிட்டே எழுதவேண்டும்.

ஏனென்றால் ரக்பிக்கு இன்னொரு முகமும் உண்டு, அதைச் சொல்லாமல் புகழ்ந்தால் நேர்மையாகாது. 1987 மே 14 அன்று, இந்திய வம்சாவளியினர் பெருமளவில் இடம்பெற்ற அரசைக் கவிழ்த்த லெப்டினன்ட் கர்னல் சித்திவேனி ரம்புக்கா, இளமையில் நாட்டுக்காக ரக்பி ஆடியவர். முதல் உலகக் கோப்பை நியூசிலாந்தில் தொடங்க அப்போது எட்டு நாட்களே இருந்தன. அணி கிளம்புமா என்பதே சந்தேகமாக இருந்து, கடைசியில் போய்க் காலிறுதிவரை ஆடியது. அந்தக் காலிறுதியில் பிரான்ஸுக்கு எதிராகக் கொரோதுவாதுவா என்ற ஆட்டக்காரர் பந்தை ஒற்றைக் கையில் ஏந்திக்கொண்டு ஓடி, கோட்டை நெருங்கும் வேளையில் நழுவவிட்டதை இன்றும் அங்கே யங்கோனா சுற்றி அமர்ந்து பேசுவார்கள். அதே ஆண்டுக் கவிழ்ப்புக்குப் பின் நாட்டைவிட்டுப் போன குடும்பங்களைப் பற்றி அதே வட்டத்தில் பேச்சு வராது. 1980களின் நடுவில் மக்கள்தொகையில் ஏறக்குறைய பாதியாக இருந்த இந்திய வம்சாவளியினர் 2007 கணக்கெடுப்பில் முப்பத்தேழு சதவீதமாகக் குறைந்துவிட்டார்கள்.

2006-இல் நடந்தது இன்னும் விசித்திரம். ராணுவத் தளபதி ஃபிராங்க் ம்பைனிமராமா அரசுக்கு விதித்த கெடு டிசம்பர் 1, வெள்ளிக்கிழமை. அன்றுதான் ராணுவ அணிக்கும் காவல்துறை அணிக்கும் ஆண்டுதோறும் நடக்கும் சுக்குணா கோப்பை ஆட்டம். தளபதி ஆட்டம் பார்க்கப் போய்விட்டார். ஆட்சிக் கவிழ்ப்பு டிசம்பர் 5-ஆம் தேதி நடந்தது. சில நாட்களில் யார் யாரைக் கைது செய்வார்கள் என்று தெரியாத நிலையில் இரு படையினரும் ஒரே மைதானத்தில் முட்டிமோதி ஆடிவிட்டுக் கைகுலுக்கிக்கொண்டார்கள். இதை வேடிக்கைக் கதையாக மட்டும் சொல்பவர்களும் உண்டு. நாட்டின் அதிகாரம் யார் கையில் இருக்கிறதோ அவர்களுடைய வாழ்க்கையில் அந்த ஆட்டம் எவ்வளவு ஆழத்தில் இருக்கிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. அவரே பின்னாளில் பிரதமராகவும் ரக்பி சங்கத்தின் தலைவராகவும் ஒருசேர இருந்தார். ரம்புக்காவோ 2022 இறுதியில் மீண்டும் பிரதமரானார்.

வெற்றிக்கு அந்நாடு கொடுக்கும் விலை ஒன்றும் உண்டு. 2023 உலகக் கோப்பையில் ஃபிஜி ஆஸ்திரேலியாவை 22-15 என்று வென்றது; 1954-க்குப் பின் அந்த அணியை அவர்கள் வென்றது அதுவே முதல்முறை. ஆனால் அன்று ஆஸ்திரேலியாவின் மஞ்சள் சட்டையில் ஆடிய மரிக்கா கொரோயிம்பெத்தேயும் சாமு கெரேவியும் ஃபிஜியில் பிறந்தவர்கள். நியூசிலாந்துக்காகப் புகழ்பெற்ற ஜோ ரொக்கொத்தொக்கோ பிறந்தது நாந்தியில். பிரான்ஸின் கிளப்புகள் கிராமத்திலிருந்தே பையன்களை ஒப்பந்தம் செய்து அழைத்துப் போகின்றன. அனுப்பப்படும் பணத்தில் ஊரில் சிமெண்ட் வீடு எழும்புகிறது, தம்பி தங்கைகள் படிக்கிறார்கள். நாற்பது வயதில் முழங்கால் தேய்ந்து திரும்பி வருபவர்களையும் நான் பார்த்திருக்கிறேன். 2022-இல் திரூவா என்ற பெயரில் ஃபிஜிக்கென ஓர் அணி, நியூசிலாந்து, ஆஸ்திரேலிய அணிகள் ஆடும் சூப்பர் ரக்பி போட்டியில் சேர்க்கப்பட்டபிறகுதான், வெளிநாடு போகாமலே இந்த ஆட்டத்தில் பிழைக்கலாம் என்ற வழி பிறந்தது. பெண்கள் அணியையும் இங்கே குறிப்பிட வேண்டும். பெண் பிள்ளைகள் ரராவில் இறங்கினால் பெரியவர்கள் முகம் சுளித்த காலத்தை நானே பார்த்திருக்கிறேன். டோக்கியோவில் அவர்கள் வெண்கலம் வாங்கியதும், 2022-இல் ஆஸ்திரேலியாவின் மகளிர் சூப்பர் போட்டியில் சேர்ந்த முதல் ஆண்டிலேயே தோல்வியின்றிக் கோப்பையை வென்றதும் அந்தச் சுளிப்பை நன்றாகவே குறைத்துவிட்டன.

இவ்வளவையும் வைத்துப் பார்த்தால் தங்கள் இதழின் கணக்கு எங்கே தவறுகிறது என்பது புலப்படும். ஒன்பது லட்சம் பேர் சேர்ந்து ஒரு தங்கத்தை உற்பத்தி செய்யவில்லை. அவர்களில் ஒரு பகுதி தன் ஊர், மதம், பள்ளி, படை எல்லாவற்றையும் நூறாண்டுகளாக ஓர் ஆட்டத்தில் ஊற்றி வைத்திருந்தது. மற்றொரு பகுதி வேலிக்கு வெளியே நின்று பார்த்துக்கொண்டிருந்தது. சில நாட்களில் மட்டும் வேலி கண்ணுக்குத் தெரியாமல் போயிற்று. இதில் நாம் நகலெடுக்கக்கூடியது என்ன இருக்கிறது? ரியோவில் பதக்கம் அணிவித்த இளவரசி ஆன் முன்னால் வீரர்கள் ஒவ்வொருவராக மண்டியிட்டுக் கைகளைக் குவித்துத் தட்டினார்கள். அது அவர்கள் ஊரில் தலைவரிடம் எதையும் பெற்றுக்கொள்ளும் முறை. இங்கிலாந்துப் பத்திரிகைகள் அதைப் பணிவு என்று வியந்தன. சொந்த முறையை ஒலிம்பிக் மேடையிலும் விடாமல் கொண்டுபோன நிமிர்வாகவே எனக்கு அது தெரிந்தது.

2025 ஜூனில் மும்பையில் நடந்த ரக்பி பிரீமியர் லீக்கில் சென்னை புல்ஸ் அணி கோப்பையை வென்றதை அறிவேன். அந்த லீக்கில் ஃபிஜி நாட்டு வீரர்களும் வந்து ஆடினார்கள். அவர்கள் மீண்டும் வரும்போது, மக்கள்தொகைக் கணக்கை விட்டுவிட்டு, எந்த ஊர் ரராவில் ஆடி வளர்ந்தார்கள், எந்தப் பள்ளி, வீட்டில் யார் யார் என்று தங்கள் நிருபர் ஒருவர் கேட்டு எழுதினால் நன்றாக இருக்கும். தென்னிந்திய சங்கத்துக்கு 2026-இல் நூறாண்டு நிறைவதால், அதையொட்டி அங்குள்ள நம் வம்சாவளியினரிடம் கால்பந்தையும் ரக்பியையும் பற்றிக் கேட்டு எழுதினால் இன்னும் நன்று. அப்போது ஊர்ப் பெயர்களைத் தயவுசெய்து சரியாக அச்சிடவும்.

ரியோ வெற்றிக்காக ஃபிஜியில் 2016 ஆகஸ்ட் 22 அன்று பொது விடுமுறை விட்டார்கள். அடுத்த ஆண்டு ஏழு பேர் ஆட்டத்தின் நினைவாக ஏழு டாலர் நோட்டு ஒன்றையும் வெளியிட்டார்கள். முன்பக்கத்தில் அணித்தலைவர் ஓசேயா கோலினிசாவ் பந்தோடு ஓடுகிறார், பின்பக்கத்தில் அணியினரும் பயிற்சியாளரும் இருக்கிறார்கள். வேலை முடிந்து ஊர் திரும்பும்போது கைச்செலவுக்கு இருந்த பணத்தையெல்லாம் மாற்றிவிட்டேன், அதை மட்டும் மாற்றவில்லை. அதன் இருபக்க நகலையும் இத்துடன் இணைத்திருக்கிறேன், இடமிருந்தால் பயன்படுத்திக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
தங்கள் நீண்டநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற சர்க்கரை ஆலைப் பொறியாளர்,
நெல்லிக்குப்பம்.